ஜான் எர்னஸ்ட் வில்லியம்சன்: கடலடிச் சலனப்படத்தின் முன்னோடி (தலைப்பு திருத்தப்பட்டுள்ளது)

படச்சுருள் எழுதியது:

கடலுக்கடியில் முதன்முதலில் படம் எடுத்தவர் யார் என்று கேட்டால், நம்மில் பெரும்பாலோருக்குச் சிவப்புத் தொப்பி அணிந்த பிரெஞ்சுக்காரர் ழாக் கூஸ்தோவின் முகம்தான் நினைவுக்கு வரும். கொஞ்சம் தேடிப் படித்தவர்கள் ஆஸ்திரியரான ஹான்ஸ் ஹாஸின் பெயரைச் சொல்வார்கள். இருவருமே பெரிய ஆளுமைகள், அதில் எனக்கு மாற்றுக் கருத்து இல்லை. ஆனால் அவர்கள் இருவரின் முதல் கடலடிப் படங்களும் 1940களின் தொடக்கத்தில் வந்தவை. அவற்றுக்குக் கால் நூற்றாண்டு முன்பே, 1914இல், பஹாமாஸ் தீவுகளின் கடலடியில் சலனப்படம் எடுத்து, அதைத் திரையரங்குகளில் காசு கொடுத்து மக்கள் பார்க்கும்படி செய்த ஒருவர் இருந்தார். அவர் ஜான் எர்னஸ்ட் வில்லியம்சன். அவரைப் பற்றித் தமிழில் ஒரு முழுக் கட்டுரையைக்கூட என்னால் கண்டுபிடிக்க முடியவில்லை என்பதால் இந்த இழையைத் தொடங்குகிறேன்.

வில்லியம்சன் 1881இல் இங்கிலாந்தின் லிவர்பூல் நகரில் பிறந்தவர். அவருடைய தந்தை சார்லஸ் வில்லியம்சன் கப்பல் தலைவராக இருந்தவர். மூழ்கிய கப்பல்களைப் பழுது பார்ப்பதற்கும் அவற்றிலுள்ள பொருள்களை மீட்பதற்கும் ஒரு விந்தையான குழாயை உருவாக்கியிருந்தார். இரும்பு வளையங்களை ஒன்றோடொன்று கோத்து, நீர் புகாதபடி மூடி, ஆர்மோனியத்தின் துருத்தி போல விரியவும் சுருங்கவும் செய்திருந்தார். ஒரு படகின் நடுவிலிருந்து அதை நீருக்குள் இறக்கினால், ஓர் ஆள் அதற்குள்ளேயே இறங்கிக் கடலின் அடிவரை நனையாமல் செல்லலாம். தந்தை இதை ஒரு தொழிற்கருவியாகவே பார்த்தார். அமெரிக்காவின் வர்ஜீனியா மாநிலத்தில், நார்ஃபோக் நகரத்துச் செய்தித்தாள் ஒன்றில் படம் வரைபவராகவும் புகைப்படக்காரராகவும் வேலை பார்த்த மகனுக்கோ அதே குழாய் வேறொன்றாகத் தெரிந்தது. ஆள் இறங்க முடியுமென்றால் கேமராவும் இறங்கும் அல்லவா என்று அவர் கேட்டுக்கொண்டார்.

1913இல் நார்ஃபோக்கை அடுத்த கடலில் சுமார் 30 அடி ஆழத்தில் அவர் எடுத்த நிழற்படங்களில் மீன்கள் தெளிவாகவே விழுந்தன. நிழற்படத்தோடு அவர் நிற்கவில்லை. குழாயின் அடியில் ஓர் எஃகு அறையைப் பொருத்தி, அதற்குப் புனல் போன்ற வாயும் கனமான கண்ணாடிச் சாளரமும் வைத்து, அதற்கு ஃபோட்டோஸ்பியர் என்று பெயரிட்டார். 1914இல் அதைப் பஹாமாஸுக்குக் கொண்டுசென்று எடுத்த படங்கள்தாம் ‘கடலுக்கடியில் முப்பது லீக்’ (லீக் என்பது பழைய தொலைவு அளவு) என்ற பொருள்படும் தலைப்பில் அதே ஆண்டில் வெளிவந்தன. பவளப்பாறைகள், மீன் கூட்டங்கள், நாணயத்துக்காக மூழ்கும் சிறுவர்கள் எல்லாவற்றுக்கும் மேலாக, வில்லியம்சன் தாமே கத்தியோடு நீரில் குதித்து ஒரு சுறாவைக் கொல்லும் காட்சியும் அதில் இருந்தது.

கடலடி ஒளிப்படக் கலையின் முதல் முன்னோடி என்று இவரைத்தான் சொல்ல வேண்டும் என்பது என் கருத்து. இழையின் தலைப்பையும் அப்படியே வைத்திருக்கிறேன். மறுப்பு இருந்தால் எழுதுங்கள்.

ஆழி எழுதியது:

மிக்க நன்றி, ஐயா. இந்தப் பெயரை இப்போதுதான் முதன்முறையாகக் கேள்விப்படுகிறேன். எனக்கு ஓர் ஐயம் இருக்கிறது. அந்த அறைக்குள் இருந்தவர் எப்படி மூச்சு விட்டார்? வில்லியம் பீபி என்ற அறிவியலாளர் இரும்புக் கோளம் ஒன்றில் அமர்ந்து பெர்முடா அருகே ஆழ்கடலுக்குச் சென்றதைப் பள்ளிப் பாடத்தில் படித்திருக்கிறேன். இதுவும் அதுவும் ஒன்றுதானா?

படச்சுருள் எழுதியது:

நல்ல கேள்வி, ஆழி. இரண்டும் வெளித்தோற்றத்தில் ஒத்திருந்தாலும் உள்ளே முற்றிலும் வேறானவை. பீபியும் ஓடிஸ் பார்ட்டனும் சென்ற கோளம் முழுவதுமாக மூடி முடுக்கப்பட்டது. உருளைகளில் கொண்டுசென்ற ஆக்சிஜனைத்தான் அவர்கள் சுவாசித்தார்கள். கம்பி வடத்தில் தொங்கியபடி 1934இல் 923 மீட்டர் ஆழம் வரை சென்றார்கள். வில்லியம்சனின் அறையோ மேலே திறந்திருந்தது. குழாயின் உச்சி படகின் தளத்தில் வானத்தைப் பார்த்து இருந்ததால், நாம் வீட்டில் சுவாசிக்கும் அதே காற்றுதான் கடலடியிலும் அவருக்குக் கிடைத்தது. நல்ல ஆழமான கிணற்றுக்குள் உறை இறக்கி, அடியில் ஒருவர் உட்கார்ந்திருப்பதாக எண்ணிக்கொண்டால் ஏறத்தாழச் சரியாக இருக்கும். வேறுபாடு என்னவென்றால், இந்தக் கிணற்றில் தண்ணீர் உறைக்கு வெளியே இருக்கிறது.

காற்று இயல்பான அழுத்தத்திலேயே இருந்தது என்பதை மேலோட்டமாகக் கடந்துவிடக் கூடாது. ஆழத்தில் அழுத்தக் காற்றைச் சுவாசித்துவிட்டு விரைந்து மேலே வருபவர்களின் உடலில் நைட்ரஜன் குமிழிகள் உண்டாகி உயிருக்கே கேடு விளைவிக்கும் என்பதை முக்குளிப்பவர்கள் அனைவரும் அறிவார்கள். வில்லியம்சனுக்கும் அவருடைய ஒளிப்பதிவாளருக்கும் அந்த அச்சமே இல்லை. காலையில் இறங்கி, வேண்டிய நேரம் வரை காத்திருந்து, பசித்தால் ஏணிப்படியேறி மேலே வந்து சாப்பிட்டுவிட்டு மீண்டும் இறங்கலாம். மீன் எப்போது வரும் என்று யாருக்கும் தெரியாத ஒரு தொழிலில், அப்படிக் காத்திருக்க முடிவதே பெரிய செல்வம். அறைக்கு வந்த தொல்லையெல்லாம் கண்ணாடியின் மேல்தான். 10 மீட்டர் ஆழத்தில் ஒவ்வொரு சதுர மீட்டர் பரப்பையும் நீர் ஏறத்தாழ 10 டன் எடையால் அழுத்துகிறது. உள்ளே அதற்கு ஈடாகத் தள்ளுவதற்கு எதுவும் இல்லை. ஆகவே அவர் பெரும்பாலும் ஆழம் குறைந்த திட்டுகளிலேயே படம் எடுத்தார். வெளிச்சமும் அங்கேதான் இருந்தது.

வெண்சங்கு எழுதியது:

படச்சுருள் அவர்களின் உழைப்பை மதிக்கிறேன். ஆனால் இழையின் தலைப்பை என்னால் ஏற்க முடியவில்லை. வில்லியம்சன் பிறப்பதற்கு இருபத்தைந்து ஆண்டுகளுக்கு முன்பே கடலடியில் புகைப்படம் எடுக்கப்பட்டுவிட்டது.

1856 பிப்ரவரியில், இங்கிலாந்தின் தென்கரையிலுள்ள வேமத் ஊரைச் சேர்ந்த வழக்கறிஞர் வில்லியம் தாம்சன், ஒரு பெட்டிக்குள் கேமராவை வைத்து, நண்பர் ஒருவரோடு துடுப்புப் படகில் சென்று, மூன்று பாக ஆழத்தில், அதாவது சுமார் 18 அடியில், அதை இறக்கினார். மூடியைக் கயிற்றால் இழுத்துத் திறந்து, சுமார் பத்து நிமிடங்கள் காத்திருந்து, மறுபடியும் மூடி மேலே எடுத்தார். பெட்டிக்குள் கடல்நீர் புகுந்திருந்தும், ஈரக் கொலோடியன் தகட்டில் (வேதிப்பூச்சு ஈரமாக இருக்கும்போதே படம் பிடிக்கும் கண்ணாடித் தகடு) கற்களும் கடற்பாசியும் மங்கலாகப் பதிந்திருந்தன. அதை அவர் தொழிலாக்கவில்லை. ஒருமுறை செய்து பார்த்துவிட்டு விட்டுவிட்டார்.

நான் உண்மையில் சொல்ல விரும்புவது லூயி புத்தானைப் பற்றி. 1859இல் பிறந்த இந்தப் பிரெஞ்சு உயிரியலாளர், ஸ்பெயின் எல்லையை ஒட்டிய பன்யூல்ஸ் என்ற கடற்கரை ஊரில், லகாஸ்-துத்தியே நிறுவிய ஆராகோ ஆய்வகத்தில் பணியாற்றினார். மூழ்கு உடை அணிந்து கடலடியில் நடந்து மெல்லுடலிகளை ஆராய்ந்தவருக்கு, தாம் கண்டதை மேலே இருப்பவர்களுக்கு எப்படிக் காட்டுவது என்ற ஏக்கம் வந்தது. பொறியாளரான தம்பி ஒகுஸ்த் ஒரு நீர்புகாப் பெட்டியை வடிவமைத்துக் கொடுத்தார். செம்பாலான அந்தப் பெட்டியோடு காற்று நிரப்பிய ரப்பர்ப் பை ஒன்று இணைந்திருந்தது. ஆழம் செல்லச் செல்ல நீர் அந்தப் பையை நசுக்கும். பையிலுள்ள காற்று பெட்டிக்குள் சென்று உள்ளழுத்தத்தை வெளியழுத்தத்துக்குச் சமமாக்கும். எவ்வளவு எளிய தீர்வு என்று பாருங்கள். 1893இல் அவர் எடுத்த முதல் படங்களுக்கு முப்பது நிமிடம் வரை ஒளி காட்ட வேண்டியிருந்தது. அவ்வளவு நேரமும் அவர் கடலடியிலேயே, மேலே படகில் இருப்பவர்கள் கையால் அடித்து அனுப்பும் காற்றைச் சுவாசித்துக்கொண்டு நின்றார்.

வெளிச்சத்துக்காக அவர் பட்ட பாட்டைத் தனியாகச் சொல்ல வேண்டும். ஆக்சிஜன் நிறைந்த கண்ணாடிக் குடுவைக்குள் மக்னீசியம் நாடாவை எரிக்கும் விளக்கு ஒன்றை மின்பொறியாளர் ஒருவர் செய்து கொடுத்தார். அதை இன்றைய மின்வெட்டொளி விளக்கின் பாட்டன் என்று சொல்லலாம். ஆனால் குடுவை வெடித்துவிடும் ஆபத்து இருந்தது. அடுத்து, 200 லிட்டர் கொள்ளும் ஒரு மரப் பீப்பாயில் ஆக்சிஜனை நிரப்பி, அதன் தலையில் ஒரு சாராய விளக்கை ஏற்றி, கண்ணாடிக் கூண்டால் மூடி, கீழிருந்து ரப்பர்க் குமிழை அழுத்தினால் மக்னீசியத் தூள் சுடரின் மேல் ஊதப்பட்டு ஒரு நொடி கடலே வெளுக்கும்படி செய்தார்கள். அந்தப் பீப்பாயை நீருக்குள் அமிழ்த்தி வைக்க எவ்வளவு எடை கட்ட வேண்டியிருந்திருக்கும் என்று எண்ணிப் பாருங்கள். ஆய்வகத்தின் இயந்திரப் பணியாளர் ஜோசப் டேவிட் இல்லாமல் இதில் எதுவும் நடந்திருக்காது. 1899இல் நீர்புகாத மின்வில் விளக்குகளை இறக்கி, 50 மீட்டர் ஆழத்தில், மேலிருந்தே மின்காந்தத்தால் மூடியை இயக்கிப் படம் எடுத்தார்கள். அண்டார்ட்டிகாவிலிருந்து அப்போதுதான் திரும்பியிருந்த ருமேனிய உயிரியலாளர் எமில் ரக்கோவிட்சா மூழ்கு உடையோடு கடலடியில் நிற்கும் படமும் அதே ஆண்டில் புத்தான் எடுத்ததுதான். 1900இல் இவை அனைத்தையும் தொகுத்து நூலாகவே வெளியிட்டார்.

இத்தனையும் நடந்த பிறகு, உலர்ந்த அறைக்குள் நாற்காலி போட்டு அமர்ந்து சாளரத்தின் வழியே படம் எடுத்தவரை முதல் முன்னோடி என்பது எப்படிப் பொருந்தும்? மீன் காட்சியகத்தில் நாம் வெளியே நின்று தொட்டிக்குள் பார்த்துப் படம் எடுக்கிறோம். வில்லியம்சன் தொட்டிக்குள் அமர்ந்து வெளியே பார்த்து எடுத்தார். இரண்டுமே கண்ணாடிக்கு இப்பாலிருந்து எடுத்த படங்கள்தாமே?

உவர்நீர் எழுதியது:

இரு தரப்பு வாதங்களையும் படித்தேன். நான் எட்டு ஆண்டுகளாக ஸ்கூபா செய்து வருகிறேன். அந்தமானிலும் புதுச்சேரிக் கடலிலும் கேமராவோடு இறங்கியிருக்கிறேன். அந்த அனுபவத்திலிருந்து ஒன்றை மட்டும் சொல்ல விரும்புகிறேன்.

ஒருமுறை ஹேவ்லாக் தீவின் அருகே சுமார் 18 மீட்டர் ஆழத்தில் பாறையின் விளிம்பு என் விரலைக் கீறிவிட்டது. கசிந்த இரத்தம் எனக்குக் கரும்பச்சையாகத் தெரிந்தது. ஒரு கணம் அது என் இரத்தம் என்றே எனக்கு உறைக்கவில்லை; கைவிளக்கை அருகே பிடித்ததும்தான் சிவந்தது. கடல்நீர் முதலில் விழுங்குவது சிவப்பைத்தான். பிறகு ஆரஞ்சு, மஞ்சள் எனப் படிப்படியாகப் போய், கடைசிவரை தாங்குவது நீலமும் பச்சையும். இன்று படம் எடுக்கும் எங்களுக்கு இது தீராத தலைவலி. போன சிவப்பை மீட்பதற்காகவே விளக்கும் வடிகட்டியும் சுமந்து செல்கிறோம்.

1914இல் வில்லியம்சன் கையில் இருந்த படச்சுருளுக்கு இந்தத் தலைவலியே கிடையாது. அக்காலத்துச் சுருள் சிவப்பைப் பார்க்கவே பார்க்காது. அதன் கண்ணுக்குத் தெரிந்தவை நீலமும் பச்சையும்தான். நிலத்தில் அது ஒரு குறை. அதனால்தான் அன்றைய படங்களில் சிவந்த உதடுகள் கறுத்தும் நீல வானம் வெளுத்தும் காணப்படும். ஆனால் கடலுக்குள், எந்த ஒளி எஞ்சியிருக்கிறதோ அதே ஒளியை உண்ணும் சுருள் அது. அதோடு பஹாமாஸில் சேறு கொண்டுவந்து கொட்டும் பேராறுகள் கிடையாது. அடித்தளம் வெண்மணல், மேலிருந்து விழும் வெயிலை அது மீண்டும் மேலே தெறிக்கும். கலங்கல் தண்ணீரில் எவ்வளவு வெளிச்சம் போட்டாலும் மிதக்கும் துகள்கள்தாம் பளபளக்கும். அவர் சரியான கடலைத் தேர்ந்தெடுத்தார். எங்களைப் போன்றவர்கள் இன்றும் ஒரு படத்தின் தரத்தைப் பெரும்பாதி தீர்மானிப்பது அந்த நாளின் தண்ணீர்தான் என்று சொல்வோம்.

சாளரம் பற்றி வெண்சங்கு அவர்களுக்கு ஒரு சிறு குறிப்பு. தட்டையான கண்ணாடி வழியாக நீருக்குள் பார்த்தால் எல்லாம் மூன்றில் ஒரு பங்கு பெரிதாகவும், உள்ள தொலைவில் நான்கில் மூன்று பங்கில் இருப்பது போலவும் தோன்றும். புத்தானின் பெட்டியிலும் கண்ணாடி இருந்தது. என்னுடைய பெட்டியிலும் இருக்கிறது. கடலில் எடுக்கப்படும் ஏறத்தாழ எல்லாப் படமும் ஏதோ ஒரு சாளரத்தின் வழியே எடுத்ததுதான். அந்தச் சாளரத்தின் பின்னால் கேமரா மட்டும் இருக்கிறதா, கேமராவோடு ஆளும் இருக்கிறாரா என்பதுதான் வேறுபாடு.

படச்சுருள் எழுதியது:

உவர்நீர் அவர்கள் என் வேலையைப் பாதியாகக் குறைத்துவிட்டார். சுருளின் கண்ணும் கடலின் ஒளியும் ஒத்துப்போனது எனக்குத் தோன்றாத செய்தி, நன்றி.

வெண்சங்கு அவர்கள் புத்தானைப் பற்றி எழுதிய ஒவ்வொரு வரியையும் ஏற்கிறேன். தாம்சனை நான் குறிப்பிடாமல் விட்டதும் பிழைதான். இருந்தாலும் ஒரு கணக்கைப் பாருங்கள். மௌனப்படக் காலத்துக் கேமராவைக் கையால் ஒரு நொடிக்கு இரண்டு சுற்று சுற்றுவார்கள். ஒரு சுற்றுக்கு எட்டுச் சட்டங்கள் (ஃபிரேம்கள், அதாவது சுருளில் பதியும் தனித்தனிப் படங்கள்) என்ற கணக்கில் நொடிக்குப் பதினாறு சட்டங்கள் ஓடும். ஒவ்வொரு சட்டத்துக்கும் ஒளி கிடைக்கும் நேரம் சுமார் முப்பத்திரண்டில் ஒரு பங்கு நொடி. புத்தானின் முதல் தகடுகளுக்குத் தேவைப்பட்டதோ முப்பது நிமிடம் வரை. இடையில் தகடுகளும் வேகமடைந்தன, வில்லைகளும் மேம்பட்டன என்பது உண்மைதான். மக்னீசிய வெளிச்சத்தில் அவராலும் ஒரு நொடிப்பொழுதைப் பிடிக்க முடிந்தது. ஆனால் ஒரு வெட்டொளிக்கு ஒரு படம்தான் கிடைக்கும். மீன் திரும்பி, வால் அசைத்து, பாறையின் நிழலுக்குள் நுழைந்து மறைவதைக் காட்ட நூற்றுக்கணக்கான சட்டங்கள் வேண்டும். அந்த மரப் பீப்பாயை வைத்துக்கொண்டு அது நடவாத காரியம்.

கையால் சுற்றுவது என்றேன். தடித்த உறையும் உலோகத் தலைக்கவசமும் அணிந்து, நீரோட்டம் உடலைத் தள்ளிக்கொண்டிருக்க, ஒரே சீராக நொடிக்கு இரண்டு சுற்று சுற்ற முடியுமா? முக்காலி அசையாமல் நிற்குமா? அன்றைய கேமராவை அதன் இயல்பான நிலையிலேயே, அது பழகிய காற்றிலேயே வைத்துவிட்டு, அதைச் சுற்றிக் கடலைக் கொண்டுவந்ததுதான் வில்லியம்சன் செய்தது. அதை நான் குறுக்குவழியாகப் பார்க்கவில்லை.

தவிர, அறைக்குள் உட்கார்ந்தது கேமராதான். நடித்தவர்கள் நீருக்குள் இருந்தார்கள். யூனிவர்சல் நிறுவனம் 1916இல் வெளியிட்ட, ஸ்டூவர்ட் பேட்டன் இயக்கிய ‘கடலுக்கடியில் இருபதாயிரம் லீக்’ படத்தில், மேலே செல்லும் காற்றுக் குழாய் எதுவுமின்றித் தாமே காற்றைச் சுமந்த மூழ்கு உடைகளில் மனிதர்கள் கடலடியில் வரிசையாக நடந்து செல்கிறார்கள். ழூல் வெர்ன் 1870இல் எழுத்தில் காட்டியதை நாற்பத்தாறு ஆண்டுகள் கழித்து உண்மைக் கடலில் எடுத்துக் காட்டினார்கள். தம் படகுக்கும் வில்லியம்சன் ழூல் வெர்ன் என்றே பெயர் வைத்திருந்தார்.

ஆழி எழுதியது:

எனக்கு அந்தச் சுறாக் காட்சி உறுத்துகிறது, ஐயா. ஒரு விலங்கைக் கேமராவுக்காகவே வரவழைத்துக் கொல்வதை முன்னோடிச் செயல் என்று பாராட்ட மனம் வரவில்லை. அதோடு இன்னொன்றையும் கேட்க விரும்புகிறேன். அந்தத் தீவுகளில் பிறந்து, மூச்சடக்கி மூழ்குவதையே வாழ்க்கையாகக் கொண்ட மக்கள் இருந்திருப்பார்களே, அவர்கள் இந்தக் கதையில் எங்கே இருக்கிறார்கள்?

படச்சுருள் எழுதியது:

இரண்டு கேள்விகளும் நியாயமானவை. அந்தக் காட்சிக்காகச் செத்த குதிரை ஒன்றை இரையாகக் கட்டிச் சுறாக்களை வரவழைத்தார்கள். முதலில் உள்ளூர் முக்குளிப்பவர்களை வைத்தே எடுக்க முயன்றார்கள். ஆனால் நடந்தது கேமராவின் பார்வைக்குள் அமையவில்லை. படம் எங்கே விழும் என்பதை அறிந்தவர் தாம்தான் என்பதால் வில்லியம்சன் கத்தியோடு தாமே இறங்கினார். 1914இல் அதைக் கண்டு அரங்கம் வியந்தது. இன்று அதைப் பார்க்கும்போது எனக்கும் மனம் ஒப்பவில்லை. சுறா என்றாலே மனிதனைத் தின்னும் விலங்கு என்ற எண்ணத்தைத் திரையில் விதைத்தவர்களில் அவரும் ஒருவர் என்பதை மறைக்க வேண்டியதில்லை.

இதில் இன்னொரு செய்தியும் இருக்கிறது. வில்லியம்சன் நீரில் இருந்தபோது அறைக்குள் கைப்பிடியைச் சுற்றிக்கொண்டிருந்தவர் கார்ல் லூயி கிரெகரி. தான்ஹவுசர் நிறுவனத்தில் பணியாற்றிய தேர்ந்த ஒளிப்பதிவாளர் அவர். 1914ஆம் ஆண்டுப் படத்தின் ஒளிப்பதிவு அவருடையது. ஆனால் பெயர் முழுவதும் வில்லியம்சனுக்கே போயிற்று. மறக்கப்பட்டவரைப் பற்றிப் பேசும்போது, அவருடைய நிழலில் மறைந்தவரையும் சொல்லிவிட வேண்டும்.

உள்ளூர் மக்களைப் பொறுத்தவரை, அவர்கள் படங்களில் இருக்கிறார்கள், பெயர்ப் பட்டியலில் இல்லை. படகைச் செலுத்தியவர்களும், பாறையின் குகைகளை அறிந்து இடம் காட்டியவர்களும், நாணயத்துக்காக மூழ்கிய சிறுவர்களும் அவர்கள்தான். கடற்பஞ்சு எடுப்பது அன்று பஹாமாஸின் முதன்மைத் தொழிலாக இருந்ததால், அந்தக் கடலடியை அவர்களைப் போல் அறிந்தவர்கள் வேறு யாரும் இல்லை.

ஏட்டுச்சுவடி எழுதியது:

இவ்வளவு செய்தவர் ஏன் மறக்கப்பட்டார் என்ற கேள்விக்கு இன்னும் யாரும் விடை சொல்லவில்லை. எனக்குத் தெரிந்ததைச் சொல்கிறேன்.

முதல் காரணம், அவருடைய கண்டுபிடிப்புக்கு வாரிசு இல்லை. 1943இல் கூஸ்தோவும் எமில் கன்யானும் உருவாக்கிய மூச்சுக்கருவி வந்தபின், கேமராவைக் கையில் பிடித்துக்கொண்டு மீனோடு மீனாக யாரும் நீந்தலாம் என்று ஆயிற்று. குழாயும் எஃகு அறையும் கொண்ட படகைக் கட்டியிழுத்துச் செல்ல வேண்டிய முறை அதன்முன் நிற்க முடியவில்லை. ஒரு முறை வழக்கொழிந்தால் அதைக் கண்டவரின் பெயரும் சேர்ந்தே போய்விடுகிறது.

இரண்டாவது காரணம், ஓர் ஆக்டோபஸ். 1916ஆம் ஆண்டுப் படத்துக்காக ரப்பராலும் சுருள்கம்பிகளாலும் ஒரு பெரிய ஆக்டோபஸைச் செய்து, அதற்குக் காப்புரிமையும் பெற்றார் வில்லியம்சன். உண்மையான கடலையும் செய்து வைத்த விலங்கையும் ஒரே படத்தில் கலந்தவரை அறிவியலாளர்கள் எந்தப் பெட்டியில் வைப்பார்கள்? திரைப்பட வரலாற்றாசிரியர்களுக்கோ அவர் சிறப்புக் காட்சி எடுத்துக் கொடுத்த ஒருவர். இரு தரப்பும் அவரை மற்றவருடைய ஆள் என்று விட்டுவிட்டன.

ஆனால் அறிவியலுக்கு அவர் செய்தது சிறிதன்று. நியூயார்க்கின் அமெரிக்க இயற்கை வரலாற்று அருங்காட்சியகத்தில் 1935இல் திறக்கப்பட்ட ஆண்ட்ரோஸ் பவளப்பாறைக் காட்சி இன்றும் இருக்கிறது. இரண்டு தளம் உயரம் கொண்டது. ராய் வால்டோ மைனர் என்ற உயிரியலாளர் 1920களில் வில்லியம்சனின் குழாய்க்குள் அமர்ந்து, பாறை உயிரோடு இருக்கும்போது எப்படி இருக்கிறது என்பதைப் பார்த்த பிறகே அதை அமைத்தார். அதற்காகச் சுமார் 40 டன் பவளத்தை வெட்டிக் கொண்டுபோனார்கள் என்பதை ஆழி அவர்கள் அறிந்தால் மீண்டும் வருந்துவார், வருந்த வேண்டியதுதான். 1929இல் சிகாகோவின் ஃபீல்டு அருங்காட்சியகமும் அவரோடு சேர்ந்து பஹாமாஸுக்கு ஓர் ஆய்வுப் பயணம் அனுப்பியது.

வண்ணத்திலும் அவர் முயன்றார். 1924இல் வந்த ஒரு கதைப்படத்துக்காக டெக்னிகலர் என்ற அன்றைய இருவண்ணப் படமுறையில் கடலடிக் காட்சிகளை எடுத்தார். நிழற்படத்தில் வண்ணம் வந்தது அதன் பின்னர்தான்: 1926இல் ஃபுளோரிடாவின் டிரை டோர்ட்டுகாஸில் லாங்லியும் மார்ட்டினும், மிதவையில் மக்னீசியத் தூளைக் கொளுத்தி அதன் வெளிச்சத்தில் எடுத்தார்கள்.

ஒரு செய்தியைச் சேர்க்கிறேன். டிஸ்னி நிறுவனம் 1954இல் அதே வெர்ன் கதையை மீண்டும் எடுத்தபோது, கடலடிக் காட்சிகளுக்காகச் சென்றது பஹாமாஸின் நாசோவை அடுத்த கடலுக்குத்தான். வில்லியம்சன் அப்போது உயிரோடு இருந்தார், 1966இல்தான் மறைந்தார். 1916ஆம் ஆண்டுப் படம் சரியாக நூறு ஆண்டுகள் கழித்து, 2016இல், அமெரிக்காவின் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்க்கப்பட்டது.

வெண்சங்கு எழுதியது:

முப்பது நிமிடத்துக்கும் முப்பத்திரண்டில் ஒரு பங்கு நொடிக்கும் உள்ள தொலைவைப் படச்சுருள் அவர்கள் எடுத்துக்காட்டிய பிறகு இரண்டு நாள் யோசித்தேன். மீன் காட்சியகத்து உவமையைத் திரும்பப் பெறுகிறேன். அது வில்லியம்சனுக்கு நியாயம் செய்யவில்லை. உவர்நீர் அவர்கள் சொன்ன சாளரக் கருத்தும் சரியே.

ஆயினும் தலைப்பில் உள்ள ‘கடலடி ஒளிப்படக் கலையின் முதல் முன்னோடி’ என்ற தொடரை ஏற்க மாட்டேன். ஒளிப்படம் என்று வரும்போது அந்த இடம் புத்தானுக்கு உரியது. செம்புப் பெட்டியும் ரப்பர்ப் பையும் நீருக்கடியில் செயற்கை வெளிச்சமும் இன்றைக்கும் உவர்நீர் அவர்களின் கையில் வேறு உருவில் இருப்பவைதாம். வில்லியம்சனின் குழாய் அப்படி யாரிடமும் இல்லை. சலனப்படம் என்று மாற்றினால் எனக்கு எந்தத் தடையும் இல்லை.

உவர்நீர் எழுதியது:

வெண்சங்கு அவர்களை வழிமொழிகிறேன். போன மாதம் என் கேமராப் பெட்டிக்குள் ஒரு சொட்டு நீர் புகுந்துவிட்டது. வளையத்தில் ஒட்டியிருந்த ஒரே ஒரு தலைமுடிதான் காரணம். அதைத் துடைத்துக்கொண்டிருந்தபோது, பெட்டி நிறையக் கடல்நீர் புகுந்தும் படத்தைக் காப்பாற்றிக்கொண்ட தாம்சனை நினைத்துக்கொண்டேன். தலைப்பை மாற்றும்போது முதல் பதிவில் அவர் பெயரையும் சேர்த்துவிடுங்கள்.

படச்சுருள் எழுதியது:

தலைப்பைத் திருத்திவிட்டேன். முதல் பதிவை அப்படியே விட்டுவைக்கிறேன், ஏனென்றால் அதை மாற்றினால் பின்னால் வரும் மறுப்புகள் புரியாமல் போகும். தாம்சன், புத்தான் இருவர் பெயரும் வெண்சங்கு அவர்களின் பதிவில் இருக்கின்றன. இழையின் முகப்புக் குறிப்பில் அதற்குச் சுட்டி கொடுத்திருக்கிறேன். கார்ல் கிரெகரியின் பெயரையும் அங்கே சேர்த்திருக்கிறேன்.

ஆழி அவர்கள் எந்தப் படத்திலிருந்து தொடங்குவது என்று தனிமடலில் கேட்டிருந்தார். 1932இல் வந்த, வில்லியம்சன் தம் பெயரையே தலைப்பில் வைத்து எடுத்த ஆவணப்படத்திலிருந்து தொடங்கலாம். அதில் அவர் தம் மனைவி லைலாவையும் கைக்குழந்தையான மகள் சில்வியாவையும் குழாய் வழியாக ஃபோட்டோஸ்பியருக்குள் அழைத்துச் செல்கிறார். சாளரத்துக்கு அப்பால் மீன்கள், இப்பால் குழந்தை. கூஸ்தோவின் மூச்சுக்கருவியோடு அந்தக் குழந்தை இறங்கியிருக்க முடியாது. புத்தானின் தலைக்கவசத்தோடும் முடியாது. 1939இல் அதே அறையில் பஹாமாஸ் அஞ்சல் துறையின் கடலடி அஞ்சலகம் ஒன்றையும் நடத்தினார்கள். அங்கிருந்து அனுப்பிய உறைகளில் ஊர்ப் பெயர் இருக்க வேண்டிய இடத்தில் ‘கடற்றளம், பஹாமாஸ்’ என்று பொருள்படும் முத்திரை குத்தப்பட்டிருக்கும்.